அரசுப் பணிக்கான பில் தொகை இழுத்தடிக்கப்படும்போது ஒப்பந்ததாரர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வேலை முடிந்து, செய்த வேலையைப் பதியும் அளவுப் புத்தகமான எம்-புக்கில் அளவு ஏறி, பில்லும் அலுவலகத்தில் சேர்ந்த பிறகு, "நிதி ஒதுக்கீடு வரவில்லை, வந்ததும் பாஸ் செய்துவிடலாம்" என்ற பதிலோடு ஆண்டுகள் ஓடுவது அரசு ஒப்பந்ததாரர்கள் பலருக்கும் பழகிப்போன நிலைமை. வட்டிக்கு வாங்கிச் சிமென்டும் கம்பியும் போட்டவர்கள் இப்படி அலைக்கழிக்கப்படுவது அநியாயம். ஆனாலும், கேட்டால் அடுத்த டெண்டர் கிடைக்காது என்ற அச்சத்தில் காத்திருப்பவர்கள், தொகையை மட்டுமல்லாமல் அதைக் கேட்கும் உரிமையையும் இழக்க நேரிடுகிறது.

காலவரம்பைக் கவனிக்காமல் விடுவதுதான் மிகப் பெரிய தவறு. 1963-ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின்படி, செய்த வேலைக்கான தொகையைக் கேட்டு வழக்குத் தொடுக்க மூன்று ஆண்டுகளே உண்டு. தொகை தரவேண்டிய நாள் ஒப்பந்தத்தில் குறிக்கப்படாதிருந்தால், வேலை முடிந்த நாளிலிருந்தே காலம் ஓடத் தொடங்கும்; 2022 ஜூனில் முடித்த வேலைக்கு 2025 ஜூனோடு கெடு முடிந்துவிடும். இடையில் எத்தனை நினைவூட்டுக் கடிதங்கள் அனுப்பினாலும் அவை காலத்தை நீட்டிக்காது என்பதை பி.எஸ்.என்.எல். எதிர் நார்டெல் வழக்கில் 2021-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. கெடு முடிவதற்குள் அலுவலகம் தன் பாக்கியை எழுத்தில் ஒப்புக்கொண்டு கையொப்பமிட்டாலோ, ஒரு பகுதித் தொகையைச் செலுத்தி அது எழுத்தில் பதிவானாலோதான் புதிய மூன்றாண்டுகள் தொடங்கும். எனவே செயற்பொறியாளரைப் பத்து முறை நேரில் பார்ப்பதைவிட, "இந்த பில்லில் இவ்வளவு தொகை நிலுவையில் உள்ளது" என்று அவர் கையொப்பமிட்ட ஒரே ஒரு கடிதத்தைப் பெறுவது மேல். எம்-புக் பக்கங்களின் சான்றிட்ட நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்துப் பெற்று வைத்துக்கொள்வதும் நல்லது. அந்தப் பதிவேடு அலுவலகத்தின் வசம் இருக்கிறது, அலுவலர்களோ மாறிக்கொண்டே இருப்பார்கள்.

வாய்மொழி உத்தரவை நம்பிக் கூடுதல் வேலை செய்வது அடுத்த தவறு. தளத்தில் நின்றுகொண்டு "இந்தச் சுவரையும் சேர்த்துக் கட்டிவிடுங்கள், திருத்திய மதிப்பீட்டில் சேர்த்துக்கொள்ளலாம்" என்று பொறியாளர் சொல்லும்போது மறுப்பது எளிதல்ல. அன்று மாலையே, அவர் சொன்னதைக் குறிப்பிட்டு, எழுத்து உத்தரவு கேட்டு ஒரு மின்னஞ்சலாவது அனுப்ப வேண்டும். அப்படி எழுத்து எதுவும் இல்லாமல் வேலையை முடித்துவிட்டவர்களும் நம்பிக்கை இழக்க வேண்டியதில்லை. 1944-இல், இன்றைய மேற்கு வங்கத்தில் உள்ள ஆராம்பாகில் அதிகாரிகள் கேட்டுக்கொண்டதற்கிணங்கக் கட்டுமானங்களைச் செய்துகொடுத்த பி.கே. மண்டல் நிறுவனத்தின் வழக்கில், முறைப்படியான ஒப்பந்தம் இல்லாவிட்டாலும், இலவசமாகச் செய்யும் எண்ணமின்றிச் செய்த வேலையின் பயனை அரசு ஏற்றுக்கொண்டால், ஒப்பந்தச் சட்டத்தின் 70-ஆவது பிரிவின்படி ஈடு தரவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

எந்த மன்றத்தை நாடுவது என்பதில் அவசரப்படுவதும் விலை உயர்ந்த தவறாகிவிடும். தொகையையே அரசு மறுக்காதபோது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசுக்கு நேரடியாக உத்தரவிடக் கோரும் மனு) ஏற்கப்படலாம். அளவிலோ தரத்திலோ தகராறு இருந்தால் அது பெரும்பாலும் உரிமையியல் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பப்படும். தகராறை நீதிமன்றத்துக்குப் பதிலாக ஒரு நடுவரிடம் தீர்த்துக்கொள்ளச் சொல்லும் நடுவர் தீர்ப்பு ஷரத்து ஒப்பந்தத்தில் இருக்கிறதா என்பதை முதலில் படித்துப் பார்க்க வேண்டும். 2024 ஜூனில் மத்திய நிதி அமைச்சகம் வெளியிட்ட வழிகாட்டுதல், அந்த ஷரத்தைப் பொதுவாக 10 கோடி ரூபாய்க்குக் குறைவான தகராறுகளுக்கு மட்டும் வைக்கச் சொல்கிறது. அரசின் மீது வழக்கு என்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவின்படி இரண்டு மாத அறிவிப்பு தேவை. 3 லட்சம் ரூபாய் முதல் மதிப்புள்ள கட்டுமான ஒப்பந்தத் தகராறு வணிகத் தகராறாகக் கருதப்படுவதால், அவசர நிவாரணம் கேட்காதபோது, வழக்குக்கு முந்தைய சமரச முயற்சியும் கட்டாயம். அதைத் தவிர்த்துத் தாக்கல் செய்த மனு நிராகரிக்கப்படும்.

சிறு, குறு நிறுவனங்களுக்கு 2006-ஆம் ஆண்டுக் குறு, சிறு, நடுத்தர நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டம் வலுவான ஆயுதம்: ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் 45 நாள்களுக்கு மேல் தாமதிக்கக் கூடாது, தாமதித்தால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு கூட்டுவட்டி. ஆனால் தகராறு வந்த பிறகு உத்யம் பதிவு (இத்தகைய நிறுவனங்களுக்கான அரசுப் பதிவு) செய்து பலனை எதிர்பார்ப்பது ஆபத்தானது. முந்தைய தீர்ப்புகள் அதை ஏற்கவில்லை; 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இக்கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது. கட்டுமான ஒப்பந்தங்களுக்கு இச்சட்டம் பொருந்துமா என்பதிலும் உயர் நீதிமன்றங்கள் ஒரே கருத்தில் இல்லை.

வட்டியைக் குறிப்பிடாமல் அசலை மட்டும் கேட்டு எழுதுவதும் இழப்பே. தொகை தரவேண்டிய நாள் எழுத்தில் இல்லாத நிலையில், 1978-ஆம் ஆண்டு வட்டிச் சட்டப்படி, வட்டி கோரப்படும் என்று எழுத்தில் அறிவித்த பிறகுதான் பொதுவாக அது கணக்கில் சேரும். ஒப்பந்தமே வட்டியைத் தடுக்கிறதா என்பதையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

இறுதி பில்லை வாங்கும்போது "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்ற அச்சடித்த சான்றில் படிக்காமல் கையொப்பமிடுவது பலரும் செய்வது. கலாதியா எதிர் குஜராத் அரசு வழக்கில் 2011-இல், அத்தகைய சான்று மட்டுமே நியாயமான கோரிக்கையைத் தடுத்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் கூறியிருந்தாலும், நிர்ப்பந்தத்தை நிரூபிக்கும் சுமை ஒப்பந்ததாரர் தலையில்தான் விழும். பணத்தை வாங்கியே தீரவேண்டிய நிலையில் இருப்பவர், "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று அதே பக்கத்தில் எழுதிக் கையொப்பமிட வேண்டும். அதற்கு அனுமதிக்காவிட்டால், அடுத்த நாளே பதிவுத் தபாலில் தன் ஆட்சேபத்தை மீதித் தொகையின் கணக்கோடு அனுப்பிவிட வேண்டும்.