ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ் டிரெயின் பிளக் ஒழுகுகிறதா? வாசலிலேயே சரிசெய்யலாம்

காலையில் காரை எடுத்தபிறகு, அது நின்ற இடத்தை ஒருமுறை திரும்பிப் பாருங்கள். தரையில் காசு அளவுக்குச் சிவப்பாக, வழுவழுவென்று ஒரு சொட்டு கிடந்தால் அது பெரும்பாலும் கியர்பாக்ஸ் ஆயில்தான். தண்டையார்பேட்டையில் எங்கள் வீட்டு வாசலில் அப்படி ஒரு சொட்டைப் பார்த்துத்தான் நான் இந்த வேலையைக் கற்றுக்கொண்டேன்.

எங்களுடையது பழைய ஹோண்டா சிட்டி ஆட்டோமேட்டிக். ஒரு ஒர்க்‌ஷாப்பில் கியர்பாக்ஸ் ஆயில் மாற்றிய இரண்டே வாரத்தில் டிரெயின் பிளக் (ஆயிலை வடிக்கக் கழற்றும் அடித் திருகு) ஓரமாக ஒழுக ஆரம்பித்தது. திரும்பக் கொண்டுபோனேன், இன்னும் இறுக்கிக் கொடுத்தார்கள். இரண்டு நாள் நின்றது, மறுபடி சொட்டியது. சரி, நாமே இன்னும் கொஞ்சம் இறுக்கிப் பார்க்கலாம் என்று ராட்செட்டை எடுத்தபோது, எதிர் வீட்டு அண்ணன் தடுத்தார். லாரி மெக்கானிக்காக வெகுகாலம் வேலை பார்த்தவர். "இழுக்காத தம்பி. மரை போச்சுன்னா கேஸே போச்சு" என்றார். கேஸ் என்றால் கியர்பாக்ஸின் வெளிக்கூடு. டார்ச் அடித்துப் பார்த்தால், பிளக்கில் பழைய வாஷரே தட்டையாக நசுங்கிக் கிடந்தது. ஆயிலை மாற்றியவர்கள் வாஷரை மாற்றவில்லை.

இந்த வாஷர் அலுமினியம். இறுக்கும்போது நசுங்கி, பிளக்குக்கும் கேஸுக்கும் நடுவில் உள்ள நுண்ணிய மேடுபள்ளங்களை அடைப்பதுதான் அதன் வேலை. ஒருமுறை நசுங்கிவிட்டால் அவ்வளவுதான், மறுபடி போட்டால் அடைக்காது. அடைக்காத வாஷரை எவ்வளவு இறுக்கினாலும் பாரம் முழுவதும் கேஸின் மரை மேல்தான் விழும். கேஸும் அலுமினியம் என்பதால் இரும்புப் பிளக் அதன் மரையைச் சுலபமாக உரித்துவிடும். அதனால் ஒழுகினால் இறுக்காதீர்கள், வாஷரை மாற்றுங்கள்.

ஒழுகுவது பிளக்தானா?

ஆயில் எங்கே கசிந்தாலும் கீழே இறங்கி, தாழ்வான இடத்தில்தான் சொட்டும். பெரும்பாலும் அந்தத் தாழ்வான இடத்தில்தான் டிரெயின் பிளக்கும் இருக்கும். ஆக்ஸில் சீல், கூலர் குழாய், மேலே ஒரு கேஸ்கெட் என்று எது கசிந்தாலும் பழி பிளக் மேல் விழும்.

இரவில் காருக்கு அடியில் ஒரு பெரிய அட்டையை விரித்து வையுங்கள். காலையில் நிறத்தைப் பாருங்கள். சிவப்பு அல்லது பழுப்பு கலந்த சிவப்பு என்றால் கியர்பாக்ஸ் ஆயில். கருப்பு என்றால் எஞ்சின் ஆயில். நிறமில்லாத தண்ணீர் ஏசியிலிருந்து வருவது, அதற்குக் கவலை வேண்டாம். அப்புறம் பிளக்கையும் அதைச் சுற்றியுள்ள கேஸையும் பனியன் வேஸ்ட்டால் நன்றாகத் துடைத்து, முகத்துக்குப் போடும் பவுடரை மேலே தூவுங்கள். பக்கத்துத் தெருவரை ஓட்டிவிட்டு வந்து பார்த்தால், பவுடரில் ஈரக்கோடு எங்கே தொடங்குகிறது என்று பளிச்சென்று தெரியும். பிளக்கின் விளிம்பில் தொடங்கினால் தொடர்ந்து படியுங்கள். அதற்கு மேலிருந்து இறங்கி வந்தால் அது வேறு வேலை.

இன்னொன்று. மழைக்காலத்தில் வியாசர்பாடி, புளியந்தோப்பு பக்கம் தெருவில் தண்ணீர் ஏறும்போது கார் அதில் நின்றிருந்தால், முதலில் டிப்ஸ்டிக்கை (கியர்பாக்ஸ் ஆயில் அளவு பார்க்கும் கம்பி) உருவி ஆயிலைப் பாருங்கள். ரோஸ்மில்க் நிறத்தில் இருந்தால் தண்ணீர் கலந்துவிட்டது. வண்டியை ஸ்டார்ட் செய்யாமல் மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள்.

எந்த கியர்பாக்ஸ், எந்த ஆயில்

நான் சொல்வது டார்க் கன்வெர்ட்டர் (எஞ்சின் சுழற்சியை ஆயில் வழியாக கியர்பாக்ஸுக்குக் கடத்தும் பாகம்) உள்ள, டிப்ஸ்டிக் வைத்த ஆட்டோமேட்டிக்குக்கு. சிவிடி (கியர்களுக்குப் பதில் பெல்ட்டில் ஓடும் வகை) என்றால் அதற்கென்று தனி ஆயில். ஏஎம்டி என்பது உள்ளே மேனுவல் கியர்பாக்ஸ்தான், அதன் ஆயிலும் வேறு. சில கார்களில் டிரெயின் பிளக்கே இருக்காது, அடித்தட்டைக் கழற்ற வேண்டும். சிலவற்றில் டிப்ஸ்டிக் இருக்காது, குறிப்பிட்ட சூட்டில் வைத்துத்தான் அளவு பார்க்க முடியும். அந்த வகையை வீட்டில் தொட வேண்டாம். காரோடு வந்த கையேட்டில் ஆயிலின் பெயர் இருக்கும். ஹோண்டாவின் இந்த வகை கியர்பாக்ஸுக்கு ஏடிஎஃப் டிடபிள்யூ-1 (ATF DW-1). கடைக்காரர் "எல்லாம் ஒண்ணுதான் சார்" என்று வேறு எதைக் கொடுத்தாலும் வாங்காதீர்கள். ஆட்டோமேட்டிக்கில் கியர் மாறுவதே இந்த ஆயிலை நம்பித்தான்.

தேவையானவை: புது வாஷர் (ஹோண்டாவுக்கு 18 மி.மீ.), 3 லிட்டர் ஆயில், நீளக் குழாய் மாட்டிய புனல், அகலத் தட்டு, அளவுக் குவளை, ராட்செட், முடிந்தால் டார்க் ரெஞ்ச் (எவ்வளவு இறுக்குகிறோம் என்று அளவு காட்டும் ஸ்பேனர்). பிளக்கின் தலை தேய்ந்திருந்தால் புதுப் பிளக்கும் சேர்த்து. புதுப்பேட்டைக்குப் போனால் பழைய பிளக் கிடைக்கும், ஆனால் இதற்குப் பழையது வேண்டாம். ஜி.பி. ரோடு ஸ்பேர் கடைகளில் பார்ட் நம்பரைச் சொல்லிப் புதிதாகவே வாங்குங்கள். வாஷரில் இரண்டாக வாங்குங்கள்.

காரைத் தூக்குவது

இந்த வேலையில் உயிருக்கு ஆபத்தான கட்டம் இது ஒன்றுதான். ஜாக் மட்டும் தாங்கும் காருக்கு அடியில் தலையையோ கையையோ விடவே கூடாது. இரண்டு ஜாக் ஸ்டாண்டு கட்டாயம். நம் தெருக்கள் பெரும்பாலும் ஓரம் சரிந்திருக்கும், பேவர் பிளாக் போட்ட இடத்தில் ஸ்டாண்டின் கால் அமுங்கும். சமமான கான்கிரீட் தரையாகப் பார்த்து நிறுத்துங்கள், ஸ்டாண்டுக்கு அடியில் தடித்த பலகை வையுங்கள். கியரை பார்க்கில் போட்டு, ஹேண்ட் பிரேக் இழுத்து, பின் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கல் கொடுங்கள். ஸ்டாண்டில் உட்கார்ந்ததும் காரை நன்றாக அசைத்துப் பாருங்கள். ஆடினால் இறக்கிவிட்டு முதலிலிருந்து தொடங்குங்கள். தெருவில் பிள்ளைகள் விளையாடும் நேரம் வேண்டாம்.

தூக்குவதற்கு முன்பு ஐந்து நிமிடம் ஓட்டிவிட்டு வாருங்கள். வெதுவெதுப்பாக இருந்தால் ஆயில் சீக்கிரம் வடியும். நெடுந்தூரம் ஓடிவந்த கார் என்றால் ஆறவிடுங்கள், அந்தச் சூட்டில் கை வெந்துவிடும்.

பிளக்கைக் கழற்றுவது

கழற்றும் முன் டிப்ஸ்டிக்கை உருவி, அந்த ஓட்டையில் உங்கள் புனல் குழாய் நுழைகிறதா என்று பாருங்கள். ஆயிலை வடித்துவிட்டு ஊற்ற வழியில்லாமல் நின்றால் காரை நகர்த்தவே முடியாது.

ஹோண்டா பிளக்கின் நடுவில் சதுரக் குழி இருக்கும். 3/8 அங்குல ராட்செட்டின் முனையே நேராக அதில் உட்காரும், தனி சாக்கெட் தேவையில்லை. குழியில் சேறு இருந்தால் குச்சியால் சுரண்டிவிட்டு முனையை அடிவரை அழுத்துங்கள். பாதி நுழைந்த நிலையில் திருகினால் குழி வட்டமாகிவிடும். பிளக்கின் தலையை நேராகப் பார்த்தபடி இடப்பக்கமாகத் திருப்புங்கள். காசிமேடு, திருவொற்றியூர் என்று கடற்காற்றில் நிற்கும் கார்களில் இரும்பும் அலுமினியமும் உப்பு ஈரத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும். வரவில்லை என்றால் துரு இளக்கும் ஸ்பிரேயை அடித்து ஒரு ராத்திரி ஊறவிடுங்கள், சுத்தியலைத் தேடாதீர்கள்.

இளகியதும் ராட்செட்டை வைத்துவிட்டு விரலால் சுற்றுங்கள். சுற்றும்போதே பிளக்கை உள்பக்கமாக அழுத்திக்கொண்டே இருந்தால், கடைசி மரை விடுவது கைக்குத் தெரியும். அப்போது சட்டென்று விலக்குங்கள். முதலில் ஆயில் நேராகக் கீழே விழாது, பீய்ச்சி அடிக்கும். தட்டை ஒரு சாண் தள்ளி வையுங்கள்.

வடிகிற நேரத்தில் பிளக்கைக் கையில் எடுத்துப் பாருங்கள். முனையில் காந்தம் இருக்கும், அதில் மை போலச் சாம்பல் நிறக் குழம்பு ஒட்டியிருக்கும். விரலில் தேய்த்தால் மாவாக இருக்க வேண்டும். அது கிளட்ச் தட்டுகளும் கியர்களும் தேய்ந்து வரும் இயல்பான தூள். நறநறவென்று இருந்தாலோ, ஊசி போல் உலோகச் சில்லு குத்தினாலோ உள்ளே ஏதோ உடைகிறது. ஆயிலில் தீய்ந்த வாடை அடித்தாலும் மெக்கானிக்கிடம் காட்டியே ஆக வேண்டும்.

இனி வாஷர். பழையது பிளக்கில் இல்லை என்றால் கேஸில் ஒட்டிக்கொண்டிருக்கும். நகத்தால் தடவிப் பாருங்கள், கேஸின் நிறத்திலேயே இருப்பதால் கண்ணுக்குத் தப்பிவிடும். அதை எடுக்காமல் புதியதை மேலே போட்டால் இரண்டு வாஷராகி மறுபடி ஒழுகும். அது உட்காரும் முகத்தைத் துணியால் துடையுங்கள். உப்புத்தாள் போட்டுத் தேய்க்காதீர்கள், அலுமினியத்தில் கீறல் விழுந்தால் அதுவே ஒழுகும் வழி.

திரும்பப் போடுவது

காந்தத்தைத் துடைத்து, புது வாஷரை மாட்டி, விரலாலேயே கடைசிவரை சுற்றுங்கள். இரண்டு சுற்றில் இறுகினால் மரை மாறி ஏறுகிறது, கழற்றிவிட்டு மறுபடி தொடங்குங்கள். டெஃப்லான் டேப், பசை எதுவும் வேண்டாம். கடைசி இறுக்கு ஹோண்டாவுக்கு 49 நியூட்டன் மீட்டர். டார்க் ரெஞ்ச் இல்லையென்றால், 25 செ.மீ. கைப்பிடியின் நுனியில் சுமார் 20 கிலோ அழுத்தம் என்று கணக்கு வைத்துக்கொள்ளலாம். வாஷர் நசுங்குவது கைக்கு மெத்தென்று தெரியும், பிறகு கெட்டியாகும். அங்கேயே நிறுத்துங்கள். உடம்பு எடையைப் போட்டு மிதிக்கக் கூடாது.

ஒருவேளை மரை ஏற்கெனவே போயிருந்தால், எம்-சீல் வைத்து அடைப்பது தீர்வல்ல. எண்ணெய்ப் பசையுள்ள இடத்தில் அது நிற்காது. ஹெலிகாயில் (போன மரைக்குப் பதிலாக உள்ளே பொருத்தும் கம்பிச் சுருள்) போடத் தெரிந்தவரைக் கூப்பிடுங்கள். மரை வெட்டும்போது வரும் தூள் கேஸுக்குள் விழாதபடி மரை வெட்டும் கருவியில் கிரீஸ் தடவிச் செய்பவராக இருக்க வேண்டும்.

வடிந்த ஆயிலை அளந்து, அதே அளவு புதியதை ஊற்றுங்கள். எங்கள் காரில் சுமார் 2.5 லிட்டர் வந்தது. மீதி ஆயில் டார்க் கன்வெர்ட்டருக்குள் நிற்கும், அது வடியாது. ஏற்கெனவே நிறைய ஒழுகியிருந்தால் இன்னும் கொஞ்சம் பிடிக்கும். மொத்தமாகக் கொட்டாமல் கடைசி கால் லிட்டரைப் பார்த்துப் பார்த்து விடுங்கள். ஆயில் கூடினால் நுரைக்கும், நுரைத்தால் கியர் நழுவும்.

காரை இறக்கி, ஸ்டார்ட் செய்து, பிரேக்கை மிதித்தபடி பார்க், ரிவர்ஸ், நியூட்ரல், டிரைவ் என்று ஒவ்வொன்றிலும் சில விநாடி நிறுத்துங்கள். கொஞ்ச தூரம் ஓட்டிச் சூடானதும் அளவு பாருங்கள். ஹோண்டாவில் எஞ்சினை அணைத்து 60 முதல் 90 விநாடிக்குள் டிப்ஸ்டிக்கை உருவ வேண்டும். வேறு பல கார்களில் எஞ்சின் ஓடும்போதே பார்ப்பார்கள். கையேடு சொல்வதைச் செய்யுங்கள்.

பழைய ஆயிலைக் கேனில் ஊற்றி மூடி, பழைய ஆயில் சேர்க்கும் ஒர்க்‌ஷாப்பில் கொடுங்கள். தயவுசெய்து மழைநீர்க் கால்வாயில் ஊற்றாதீர்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணூர் கழிமுகத்தில் எண்ணெய் கலந்தபோது படகும் வலையும் கறுத்து நின்ற மீனவர்களை நம் ஊரில் பார்த்தோம். நம் தெருக் கால்வாயும் கடைசியில் அந்தக் கடலுக்குத்தான் போகிறது.

அன்றிரவு காருக்கு அடியில் மறுபடி அட்டையை விரியுங்கள், ஒரு வாரம் தினமும் பாருங்கள். இரண்டாவது வாஷரை ஒரு சின்னக் கவரில் போட்டு, மேலே மாற்றிய தேதியையும் கிலோமீட்டரையும் எழுதி டேஷ்போர்டு பெட்டியில் வைத்துவிடுங்கள். அடுத்த முறை ஆயில் மாற்ற யாரிடம் விட்டாலும், சாவியோடு சேர்த்து அந்தக் கவரையும் கையில் கொடுங்கள்.