ஸோலாவின் கடிதத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிரெஞ்சு எழுத்தாளர் எமில் ஸோலா பற்றிய கட்டுரைகள் பெரும்பாலும் ஒரே கதையைத்தான் சொல்கின்றன: நாவலாசிரியர் பொங்கி எழுந்தார், ஒரு கடிதம் எழுதினார், ஜெர்மனிக்கு உளவு சொன்னதாகத் தண்டிக்கப்பட்ட நிரபராதியான யூத ராணுவ அதிகாரி டிரெய்ஃபஸ் விடுதலையானார். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. நடந்தது அப்படியல்ல.

1898 ஜனவரி 13 அன்று 'லோரோர்' நாளிதழில் குடியரசுத் தலைவருக்கு அவர் எழுதிய பகிரங்கக் கடிதத்தை வெறும் ஆவேசமாகப் படிப்பது பெரிய தவறு. தளபதிகளையும் கையெழுத்து நிபுணர்களையும் பெயர் சொல்லிக் குற்றஞ்சாட்டிவிட்டு, 1881ஆம் ஆண்டுப் பத்திரிகைச் சட்டத்தின் 30, 31ஆம் பிரிவுகளின்படி தன்மீது அவதூறு வழக்குப் போடலாம் என்று அவரே அதில் எழுதிக் கொடுக்கிறார். உண்மையான உளவாளி எஸ்தெராசியை ராணுவ நீதிமன்றம் இரண்டு நாள் முன்புதான் விடுவித்திருந்தது. மூடிய கதவுக்குள் முடிக்கப்பட்ட விவகாரத்தைப் பொது நீதிமன்றத்துக்கு இழுத்து வர, தானே குற்றவாளிக் கூண்டில் ஏறுவது என்று முடிவு செய்தார். அரசும் விவரம் தெரிந்ததுதான்: மேலிட உத்தரவின்படியே எஸ்தெராசி விடுவிக்கப்பட்டார் என்ற குற்றச்சாட்டை மட்டும் பிடித்துக்கொண்டு வழக்குப் போட்டது. டிரெய்ஃபஸ் பற்றிய கேள்விகளை நீதிபதி அனுமதிக்கவே இல்லை. ஸோலாவுக்கு ஓராண்டுச் சிறை, 3,000 ஃபிராங்க் அபராதம். ஜூலையில் இங்கிலாந்துக்குத் தப்பிப் போனார்.

போராட்டத்தை அவரே தொடங்கினார் என்றும் எழுதாதீர்கள். டிரெய்ஃபஸ் நிரபராதி என்று வாதிட்ட பத்திரிகையாளர் பெர்னார் லசாரின் துண்டுப் பிரசுரம் 1896இலேயே வந்துவிட்டது. 'நான் குற்றஞ்சாட்டுகிறேன்' என்ற அந்தக் கடிதத்தின் புகழ்பெற்ற தலைப்புகூட 'லோரோர்' இதழில் எழுதிவந்த அரசியல்வாதி கிளெமான்சோ வைத்தது.

கடிதத்தால் டிரெய்ஃபஸ் உடனே விடுதலையானார் என்பதும் தவறு. 1899இல் ரென் நகரில் நடந்த மறுவிசாரணையிலும் அவர் குற்றவாளி என்றே தீர்ப்பு வந்தது. பிறகு கிடைத்தது மன்னிப்பு மட்டும். நிரபராதி என்ற தீர்ப்பு 1906இல்தான் வந்தது. அதைப் பார்க்க ஸோலா உயிரோடு இல்லை.

அவரை மகானாக்கும் ஆசையும் வேண்டாம். 1891இல் வெளியான 'பணம்' நாவலில் யூத வங்கியாளரைப் பற்றிய சித்திரிப்பு அக்காலத்தின் மலிவான முன்முடிவுகளைத் தாங்கியே வருகிறது. அதே மனிதர் 1896இல் 'ஃபிகாரோ'வில் யூத வெறுப்பைக் கண்டித்து எழுதினார். இந்த மாற்றம்தான் எனக்கு அவருடைய துணிச்சலைவிடச் சுவாரசியமாகப் படுகிறது.

1902 செப்டம்பரில் படுக்கையறையில் கார்பன் மோனாக்சைடு தாக்கி அவர் இறந்தார். எதிரிகள் புகைபோக்கியை அடைத்துக் கொன்றார்கள் என்ற பேச்சு இன்றும் உண்டு; நிரூபணம் இல்லை. எழுதுவதானால் சந்தேகம் என்றே எழுதுங்கள்.