சிவப்புப் புள்ளி கண்ணாடியில் இல்லை

மலேசியாவில், சுங்கை சிப்புட்டில் மூக்குக்கண்ணாடிக் கடை நடத்துபவனிடம் துப்பாக்கிச் சாமானைப் பற்றி யார் வந்து கேட்கப்போகிறார்கள் என்றுதான் இருந்தேன். ஒரு நாள் மத்தியானம், மழை இறங்கப்போகிற நேரத்தில் ஒரு பெரியவர் வந்தார். பக்கத்துச் செம்பனைத் தோட்டத்தில் பல வருடம் காவல் வேலை பார்த்தவர். இளங்கன்றுகளைக் குதறிப்போடும் காட்டுப்பன்றிகளுக்காக உரிமத்தோடு ஒரு ஷாட்கன் வைத்திருக்கிறார். துப்பாக்கியை வீட்டில் பூட்டிவிட்டு, அதன் மேல் மாட்டும், குறிபார்க்கச் சிவப்புப் புள்ளி காட்டும் ரெட் டாட் கருவியை மட்டும் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டு வந்திருந்தார்.

“தம்பி, இதைப் பாருங்க. காசு கொடுத்து வாங்கினது. புள்ளிக்கு வால் முளைச்சிருக்கு.”

வாங்கிப் பார்த்தேன். எனக்குப் புள்ளி குண்டூசித் தலை மாதிரி உருண்டையாகவே தெரிந்தது. அவர் மூக்கில் இருந்ததோ பேப்பர் படிக்கிற கண்ணாடி. பாதி விஷயம் அங்கேயே புரிந்துவிட்டது.

இந்தக் கருவியில் மக்கள் செய்யும் தவறுகளுக்குப் பெரும்பாலும் ஒரே வேர்தான். புள்ளி அந்தச் சின்னக் கண்ணாடியின் மேல் பதிந்திருக்கிறது என்று நினைத்துக்கொள்கிறோம். அது அங்கே இல்லை.

பேருந்தில் போகும்போது கவனித்திருப்பீர்கள். சாலையோரத்துப் பால்மரங்கள் பின்னால் ஓடும், நிலா மட்டும் கூடவே வரும். நிலா வெகு தூரத்தில் இருப்பதால் அதன் ஒளி நமக்கு இணைகோடுகளாக வந்து சேருகிறது. நாம் கொஞ்சம் நகர்ந்தாலும் அது தெரியும் திசை மாறுவதில்லை. ரெட் டாட் செய்வது இந்த நிலா வேலையைத்தான். கருவியின் அடிப்பகுதியில், நம் பக்கமாக, மிகச் சிறிய எல்இடி ஒன்று முன்னோக்கி ஒளி வீசும். முன்னால் இருக்கும் வளைந்த கண்ணாடியின் குவியத்தில் அந்த எல்இடி உட்கார்ந்திருப்பதால், பட்டுத் திரும்பும் ஒளி இணைகோடுகளாக நம் கண்ணுக்கு வருகிறது. இணைகோடாக வரும் ஒளியைக் கண் தொலைவில் இருக்கும் பொருள் என்றே எடுத்துக்கொள்ளும். ஆக, ஒரு சாண் தள்ளி இருக்கும் எல்இடி நமக்கு நிலாத் தூரத்தில் தெரிகிறது. தலையை அசைத்தால் புள்ளி சட்டத்துக்குள் இங்கும் அங்கும் ஓடும், ஆனால் காட்டும் திசை மாறாது.

கண்ணாடி லேசாகச் சாய்ந்திருக்கிறதே, பொருத்தியவன் சரியாகப் பொருத்தவில்லையா என்று பெரியவர் கேட்டார். எல்இடி நம் பார்வையை மறைக்காமல் ஓரத்தில் இருக்க வேண்டும், அதற்காகத்தான் அந்தச் சாய்வு. காட்சி கொஞ்சம் நீலம் பாய்ந்து தெரிவதும் குறை அல்ல. கண்ணாடியின் பூச்சு 650 நானோமீட்டரை ஒட்டிய சிவப்பை மட்டும் திருப்பி அனுப்பி, மற்ற நிறங்களை உள்ளே விடுகிறது. சிவப்பு கழிந்தால் மிச்சம் நீலம் தூக்கலாகத்தானே தெரியும்.

இதைக் கண்டுபிடித்தவர் துப்பாக்கிக்காரர் அல்ல என்பதில் எனக்கு ஒரு தொழில் பெருமை உண்டு. டப்ளினைச் சேர்ந்த ஹோவர்ட் கிரப், தொலைநோக்கி செய்தவர். 1900-இல் காப்புரிமை பெற்றார். பிறகு இது போர் விமானங்களுக்குப் போனது. 1970-களின் நடுவில் சுவீடனின் எய்ம்பாயிண்ட் நிறுவனம் எல்இடியை வைத்து, வேட்டைத் துப்பாக்கியில் மாட்டும் அளவுக்குச் சின்னதாக்கியது.

லேசர் என்று நினைப்பது அடுத்த குழப்பம். சினிமாவில் வில்லன் நெஞ்சில் விழும் சிவப்புப் பொட்டு லேசர். அது வெளியே பாய்ந்து இலக்கின் மேல் படுகிறது. ரெட் டாட்டிலிருந்து இலக்கின் மேல் எதுவும் படுவதில்லை. பின்னால் இருந்து பார்ப்பவர் கண்ணுக்கு மட்டும்தான் அந்தப் புள்ளி. சுவரில் அடித்துப் பார்த்துவிட்டு “லைட்டே வரலை” என்று திருப்பிக் கொடுக்கப் போகிறவர்கள் இருக்கிறார்கள்.

சரி, வாலுக்கு வருவோம். என் தொழில் அதுதான் என்பதால் இங்கே கொஞ்சம் நேரம் எடுத்துக்கொள்கிறேன்.

சாதாரணத் துப்பாக்கியில் பின்னால் ஒரு பிளவு, குழல் நுனியில் ஒரு முனை, அதற்கப்பால் இலக்கு என மூன்றையும் ஒரே கோட்டில் கொண்டுவர வேண்டும். மூன்றும் மூன்று தூரத்தில் இருக்கின்றன, கண் ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் தெளிவாகப் பார்க்கும். நாற்பதைத் தாண்டியவர்களுக்கு அந்த முனை மங்கிப்போகிறது. அதனால் முனையைப் பார்க்கப் படிக்கும் கண்ணாடியைப் போட்டுப் பழகிவிடுகிறார்கள். அதே பழக்கத்தில் ரெட் டாட்டையும் பார்க்கிறார்கள். புள்ளி நிலாத் தூரத்தில் இருக்கிறது என்று சொன்னேன் அல்லவா? படிக்கும் கண்ணாடி போட்டு நிலாவைப் பார்த்தால் எப்படித் தெரியுமோ அப்படித்தான் புள்ளியும் தெரியும். இலக்கும் சேர்ந்து மங்கும். தூரப் பார்வைக்கு என்ன கண்ணாடியோ அதைத்தான் போட வேண்டும். பைஃபோகல் என்றால் மேல் பாகத்தின் வழியாகப் பாருங்கள்.

பெரியவரின் கண்ணாடியைக் கழற்றச் சொன்னேன். புள்ளி சின்னதாகியது, வால் மட்டும் போகவில்லை. “அப்போ கருவியில்தான் கோளாறு” என்றார், ஜெயித்துவிட்ட முகத்தோடு. கருவியைக் கால் வட்டம் திருப்பிப் பிடித்துப் பார்க்கச் சொன்னேன். கருவி திரும்பியது, வால் திரும்பவில்லை, அதே பக்கம் நீட்டிக்கொண்டு நின்றது. கோளாறு கருவியில் இருந்தால் வாலும் கூடவே சுற்றியிருக்கும். சுற்றாவிட்டால் கோளாறு கண்ணில். இதற்குப் பெயர் அஸ்டிக்மாட்டிசம், மலாயில் ரபுன் சிலாவ். கருவிழியின் வளைவு எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி இல்லாததால் ஒளிப்புள்ளி கோடாக, காற்புள்ளியாக, சில சமயம் நட்சத்திரமாகச் சிதறும். இரவில் எதிரே வரும் மோட்டார் சைக்கிள் விளக்கு இழுத்துக்கொண்டு தெரிகிறவர்களுக்கு ரெட் டாட்டும் அப்படித்தான் தெரியும். கைப்பேசிக் கேமராவைக் கருவிக்குப் பின்னால் வைத்தும் பார்க்கலாம். திரையில் புள்ளி உருண்டையாக வந்தால் கருவியின் மேல் பழி இல்லை. சரியான சிலிண்டர் பவர் சேர்த்த கண்ணாடி போட்டால் பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

வெளிச்சத்தைக் கண்டபடி கூட்டுவதும் இதே சிதறலைப் பெரிதாக்கும். மத்தியான வெயிலில் வைத்த அளவை அப்படியே விட்டுவிட்டு, செம்பனை வரிசைக்குள் மாலை இருட்டில் பார்த்தால் புள்ளி தீப்பந்தமாக நிற்கும், பின்னால் இருப்பது மறைந்துபோகும். கண்ணுக்குத் தெரிகிற அளவுக்குக் குறைத்தால் போதும். பச்சைப் புள்ளி நல்லதா என்று கேட்டால், கண்ணுக்குப் பச்சை பளிச்சென்று தெரியும் என்பது உண்மைதான். ஆனால் நம் ஊரில் திரும்பிய பக்கமெல்லாம் பச்சை.

ஒரு கண்ணை மூடிக்கொள்வதும் பழைய பழக்கம்தான். தொலைவில் தெரியும் புள்ளிக்கு இரண்டு கண்ணும் திறந்திருக்கலாம், சுற்றியிருப்பதும் தெரியும். அப்புறம் இது எதையும் பெரிதாக்கிக் காட்டாது. ஸ்கோப் வேறு, இது வேறு.

“பாரலாக்ஸ் கிடையாது”, அதாவது தலை நகர்ந்தாலும் குறி விலகாது என்று பெட்டியில் அச்சடித்திருப்பதை வேதவாக்காக எடுத்துக்கொள்ள வேண்டாம். தலை நகர்ந்தால் நம் பார்வைக்கோடும் இணையாக நகரத்தான் செய்கிறது. கண்ணாடி 20 மில்லிமீட்டர் அகலம் என்றால், கண்ணை ஓரத்துக்கே கொண்டுபோனாலும் அந்த நகர்வு 10 மில்லிமீட்டருக்கு மேல் போகாது. தூரத்து இலக்குக்கு அது ஒன்றுமே இல்லை. ஆனால் கோள வளைவுள்ள கண்ணாடியின் ஓரத்தில் படும் ஒளி முழு இணைகோடாகத் திரும்புவதில்லை. மலிவான கருவிகளில் இது அதிகம். புள்ளி நடுவில் இருக்கும்படி பார்த்துக்கொள்வது பழுதில்லாத வழி.

இதைவிடப் பெரிய தவறை நானே செய்திருக்கிறேன், துப்பாக்கியில் அல்ல. வீட்டில் சின்னத் தொலைநோக்கி ஒன்று வைத்திருக்கிறேன். வானத்தில் எங்கே பார்க்கிறோம் என்று காட்ட அதன் மேலும் ஒரு ரெட் டாட் உண்டு. வாங்கிய புதிதில் எதிர்வீட்டு வாசல் விளக்கை, ஏறக்குறைய 15 மீட்டர் தூரம், குழாயின் நடுவில் கொண்டுவந்து, புள்ளியையும் அதே விளக்கில் நிறுத்தித் திருகை முடுக்கினேன். கச்சிதமாகப் பொருந்தியது. அப்புறம் வியாழனைத் தேடினேன். புள்ளி வியாழன் மேல் இருக்கிறது, குழாய்க்குள் வெறும் இருட்டு. அரை மணி நேரம் கொசுக்கடி. காரணம் எளிது. புள்ளியின் கோடு குழாயின் கோட்டுக்கு 12 சென்டிமீட்டர் மேலே இருக்கிறது. 15 மீட்டரில் இரண்டையும் சந்திக்க வைத்துவிட்டால், அதற்குப் பிறகு இரண்டும் விலகிக்கொண்டே போகும். கணக்குப் போட்டால் ஏறக்குறைய அரை பாகை, முழு நிலாவின் அகலம். வியாழன் தப்பிக்க அது போதும்.

துப்பாக்கியிலும் இதே கணக்கு. புள்ளியின் கோடு குழலுக்கு மூன்று நான்கு சென்டிமீட்டர் மேலே இருக்கிறது. எந்தத் தூரத்துக்குச் சரிசெய்தோமோ அங்கேதான் இரண்டும் பொருந்தும். மிகக் கிட்டத்தில் அடி கீழே விழும். “நேற்று சரியாக இருந்தது, இன்று தள்ளிப் போகிறது” என்றால் முதலில் கருவியைக் குறை சொல்லாமல், கீழே பிடித்திருக்கும் திருகு இளகியிருக்கிறதா என்று பாருங்கள்.

புள்ளியின் அளவை எம்ஓஏ என்று சொல்வார்கள். ஒரு பாகையில் 60-இல் ஒரு பங்கு, 100 மீட்டரில் சுமார் 2.9 சென்டிமீட்டர். 2 எம்ஓஏ புள்ளி அங்கே ஏறக்குறைய 6 சென்டிமீட்டரை மூடும். எண் கூடினால் தரம் கூடும் என்று அர்த்தமில்லை.

பேட்டரி விஷயத்திலும் தவறு நடக்கிறது. நல்ல கருவிகள் எல்இடிக்கு மிகச் சிறிய மின்சாரமே கொடுக்கின்றன. ஒரு சிஆர்2032 நாணய பேட்டரியில் 50,000 மணி நேரம், அதாவது ஐந்து வருடத்துக்கு மேல் எரியும் என்று சில எய்ம்பாயிண்ட் மாடல்களுக்கு அந்த நிறுவனமே சொல்கிறது. அதைக் கேட்டுவிட்டு மலிவான கருவியை இரவெல்லாம் எரியவிட்டால் தேவைப்படும் நாளில் அணைந்திருக்கும். பழைய பேட்டரியை மேசையில் போட்டுவிட்டுப் போகாதீர்கள். குழந்தை விழுங்கினால் இரண்டு மணி நேரத்துக்குள் உணவுக்குழாயை அரித்துவிடும். ரெட் டாட்டுக்கு மட்டுமல்ல, வீட்டில் இருக்கும் எல்லா நாணய பேட்டரிக்கும் இது பொருந்தும்.

நம் ஊர் ஈரப்பதத்துக்கு வருகிறேன். வெளிநாட்டு வீடியோவில் இதைப் பற்றி அதிகம் சொல்லமாட்டார்கள். தோல் உறையில் போட்டு அலமாரியில் பூட்டி வைத்தால் சில மாதத்தில் கண்ணாடியில் சிலந்திவலை போலப் பூஞ்சை படரும். பூச்சை அரித்துவிட்டால் பிறகு துடைத்துப் பயனில்லை. மூடி இறுக்கமான டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு வையுங்கள். எல்இடி மூடப்படாமல் திறந்திருக்கும் வகைக் கருவிகளில் ஒரு மழைத்துளி அதன் மேல் விழுந்தாலே புள்ளி காணாமல் போகும் அல்லது நாலாகச் சிதறும். துடைக்கும்போது முதலில் தூசியை ஊதிவிடுங்கள். சட்டை நுனி வேண்டாம். எத்தனை நல்ல லென்ஸ்கள் சட்டை நுனியால் செத்திருக்கின்றன என்று என்னைக் கேளுங்கள்.

கடைசியாக, பெரியவரே எனக்குச் சொன்னது ஒன்று. துப்பாக்கியில் மாட்டியிருக்கும்போது “அங்கே என்ன அசையுது” என்று ரெட் டாட் வழியாகப் பார்க்கவே கூடாது. பார்ப்பது என்றால் குழலை நீட்டுவது. விடியுமுன் நெற்றி விளக்கோடு பால்மரம் சீவப் போகிறவர்கள் இருக்கும் ஊர் இது. பன்றி என்று நினைத்து மனிதரைச் சுட்ட செய்திகள் நம் நாட்டிலும் வந்திருக்கின்றன. புள்ளி திசையைக் காட்டும், அங்கே நிற்பது யார் என்று காட்டாது. முதலில் கைவிளக்கு, பிறகு கண், எல்லாம் உறுதியான பிறகே துப்பாக்கி என்றார். உரிமம் இல்லாதவர்கள் ‘காற்றுத் துப்பாக்கிதானே’ என்று அதில் மாட்ட ஆசைப்பட வேண்டாம். 1960-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டத்தில் அதுவும் அடக்கம்.

புதுக் கண்ணாடி தயாரானதும் பெரியவர் வாங்க வந்தார். வானம் தெளிவாக இருந்தது, மாலையில் வீட்டுக்கு வரச்சொல்லித் தொலைநோக்கியின் ரெட் டாட்டைக் காட்டினேன். தலையை இப்படியும் அப்படியும் ஆட்டினார். புள்ளி வியாழனை விட்டு நகரவில்லை. வாலும் இல்லை. பிறகு குழாய்க்குள் குனிந்து நான்கு நிலாக்களையும் எண்ணி முடித்துவிட்டு நிமிர்ந்தார்.

“இதுக்கு லைசன்ஸ் எல்லாம் வேணாம்தானே, தம்பி?”