கோட்பாட்டை முக்கூடலுக்குக் கூட்டி வாருங்கள்

சமூகவியல் கோட்பாட்டுப் புத்தகத்தை நாலு பக்கத்தில் மூடி வைத்தவர்களுக்கு ஒரு வழி. ஒரு நேரத்தில் ஒரே ஒரு கருத்தை எடுங்கள், அதை உங்கள் தெருவில் தேடுங்கள்.

பிரெஞ்சு அறிஞர் பியர் பூர்தியூ (1930–2002) சொன்ன 'ஹாபிட்டஸ்' எனக்குப் பல மாதம் பிடிபடவே இல்லை. நெல்லைப் பக்கம் முக்கூடலில் அத்தை பீடி சுற்றும்போதுதான் புரிந்தது. கண் டிவியில், வாய் பேச்சில். விரல்கள் மட்டும் இலையில் தூளை வைத்து, உருட்டி, நுனியை மடக்குகின்றன. "எவ்வளவு தூள்னு எப்படி அத்தை தெரியுது?" என்றேன். "அது கைக்குத் தெரியும்லா" என்றார். வாழ்ந்த சூழல் உடம்பில் படிந்து, யோசிக்காமலே நம்மை நடத்துகிறது. அதுதான் ஹாபிட்டஸ்.

சரி, அதோடு நின்றுவிடாதீர்கள். உதாரணம் எங்கே போதவில்லை என்றும் பாருங்கள். ஹாபிட்டஸ் வெறும் கைப்பழக்கம் அல்ல. பெரிய கல்லூரியின் விண்ணப்பத்தைப் பார்த்ததுமே 'அதெல்லாம் நமக்குச் சரிப்படாது' என்று தோன்றுகிறதே, அதுவும்தான். எனக்கு இந்தப் பாதிதான் மனதைத் தைத்தது.

அப்புறம், நூலாசிரியர் யாரோடு மல்லுக்கட்டுகிறார் என்று பாருங்கள். மனிதன் சுதந்திரமாகத் தேர்கிறான் என்ற தத்துவவாதி சார்த்தர் ஒரு பக்கம், நாம் அறியாமலே நம் சிந்தனைக்கு அடியில் இருக்கும் ஆழ்ந்த அமைப்புகளை முன்வைத்த மானுடவியலாளர் லெவி-ஸ்ட்ராஸ் மறுபக்கம். இருவருக்கும் நடுவே வழி தேடியவர் பூர்தியூ. இது தெரிந்தால் அவருடைய நீண்ட வாக்கியங்கள் பாதி இளகிவிடும்.

கடைசியாக, புத்தகத்தை மூடிவிட்டு அந்தக் கருத்தை அத்தைக்குச் சொல்வதுபோல் தமிழில் ஐந்து வரி எழுதுங்கள். எந்த வரியில் பேனா நிற்கிறதோ, அந்தப் பத்தியை மட்டும் திரும்பப் படியுங்கள்.