பாலக்காட்டில் நாற்காலி கேட்பது எப்படி

தமிழில் நாற்காலியில் உட்காரலாம். மலையாளத்தில் நால்க்காலிக்குப் புல் போட வேண்டும். வாளையார், கோவிந்தாபுரம், ஆரியங்காவு, களியக்காவிளை என்று எந்த வழியாகக் கேரள எல்லை தாண்டினாலும் இந்தச் சொல் அந்தப் பக்கம் போனதும் நாலு காலில் நடக்க ஆரம்பித்துவிடும். பந்தல் சாமான் வாடகைக்கு எடுப்பவர்கள், இரண்டு மொழியில் நோட்டீஸ் அடிப்பவர்கள், பஞ்சாயத்துக்கு மனு எழுதுபவர்கள், மலையாளச் செய்தியைத் தமிழாக்குபவர்கள் ஆகியோருக்கான குறிப்புகள் இவை.

முதலில் சொல்லின் எலும்பைப் பார்த்துக்கொள்வது நல்லது. நான்கு கால் உடையது நாற்காலி. இலக்கணப்படி பார்த்தால் பசு, மேசை, கட்டில் எதுவும் நாற்காலிதான். தமிழ் அந்தப் பெயரை உட்காரும் சாமானுக்கு ஒதுக்கிவிட்டது. மலையாளம் விலங்குக்கு ஒதுக்கிவிட்டது. மலையாளத்தில் ‘காலி’ என்றாலே மாடு. ஆடுமாடுகளைப் பொதுவாகச் சொல்ல ‘கன்னுகாலி’ என்பார்கள். தமிழுக்கும் அது அந்நியமான சொல் இல்லை: பெரியாழ்வார் பாசுரத்தில் கண்ணன் காலிப் பின்னே வருகிறான், அதாவது மாட்டுக் கூட்டத்தின் பின்னே. நமக்குத்தான் அந்தப் பொருள் மறந்துபோய், அரபியிலிருந்து உருது வழியாக வந்த ‘காலி’, அதாவது வெறுமை, அந்த இடத்தில் உட்கார்ந்துகொண்டது.

குழப்பம் ஒரு சொல்லோடு நிற்பதில்லை. நாம் ஆடுமாட்டுக்கு எழுதும் ‘கால்நடை’ மலையாளத்தில் ‘கால்நட’ ஆகும்போது, காலால் நடந்து போவது என்று பொருள். கேரளச் சாலையில் ‘கால்நட யாத்ரக்கார்’ என்ற பலகையைப் பார்த்தால் அது பாதசாரிகளுக்கு. மாடு கடக்கும் இடம் என்று நினைத்து ஹாரன் அடிக்க வேண்டாம். ஆக, மொழிபெயர்ப்பவர் நினைவில் வைக்க வேண்டியது ஒரு குறுக்குக் கணக்கு. தமிழ் நாற்காலி அங்கே ‘கசேர’. தமிழ் கால்நடை அங்கே ‘கன்னுகாலி’ அல்லது ‘நால்க்காலி’. மலையாளக் கால்நட இங்கே நடைப்பயணம். இந்த மூன்றையும் ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி அச்சகத்தில் ஒட்டி வைத்தால் பாதிப் பிழை குறையும். மீதிப் பாதி எழுத்துப் பிழை. அதற்குப் பிறகு வரலாம்.

‘கசேர’ போர்த்துக்கீசிய ‘கதெய்ரா’விலிருந்து வந்தது. இலங்கைத் தமிழர் சொல்லும் ‘கதிரை’யும் அதே தாய்க்குப் பிறந்ததுதான். மேசை, அலமாரி, சன்னல் ஆகியவையும் அதே கப்பலில் இறங்கியவை. கன்னியாகுமரி மாவட்டத்திலும் பாலக்காட்டுத் தமிழ் வீடுகளிலும் பெரியவர்கள் வாயில் ‘கசேரை’ என்று ஐகாரம் போட்டு வரும். ஆந்திர எல்லையில் தெலுங்கின் ‘குர்ச்சி’ இதே வேலையைச் செய்கிறது. அது அரபியிலிருந்து வந்தது. அங்கே மாட்டுக் குழப்பம் இல்லாததால் அதை இத்தோடு விடலாம்.

வாடகைக்குக் கேட்கும்போது

கடையில் போய் ‘நாற்காலி’ என்று கேட்டால் பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர், கொழிஞ்சாம்பாறை பக்கம் யாரும் மாட்டைக் கொண்டுவந்து கட்டிவிட மாட்டார்கள். இங்கே தமிழும் மலையாளமும் தெரிந்தவர்கள்தான் கடை வைத்திருக்கிறார்கள். ஒற்றப்பாலம், திருச்சூர் என்று உள்ளே போகப் போகத்தான் சிக்கல். ஒற்றப்பாலத்துக்குப் பக்கத்தில் வாணியங்குளம் இருக்கிறது. பேர்போன மாட்டுச் சந்தை கூடும் ஊர். அந்த வட்டாரத்தில் போனில் ‘நூறு நால்க்காலி வேணம்’ என்று சொன்னால் எதிர்முனையில் இருப்பவர் என்ன நினைப்பார் என்று சொல்லத் தேவையில்லை.

கேட்கும் முறை: எண்ணிக்கை, பிறகு சாமான், பிறகு கை உண்டா இல்லையா. ‘நூறு கசேர வேணம், கையுள்ளது.’ கை இல்லாதது வேண்டுமானால் ‘கையில்லாத்தது’. எண் வந்துவிட்டால் மலையாளத்தில் பன்மை விகுதி தேவையில்லை. தமிழ்ப் பேச்சிலும் ‘நூறு நாற்காலி’ என்றுதானே சொல்கிறோம். கையைச் சொல்லாமல் விடுவதுதான் அதிகம் நடக்கும் தவறு. கை வைத்தது அகலம் கூடுதல், வரிசைக்குக் குறைவாகத்தான் பிடிக்கும். பந்தி மேசைக்குக் கை இல்லாததுதான் சரி. கை மேசை விளிம்பில் முட்டினால் உட்கார்ந்தவர் இலைக்கு எட்டிக் குனிந்து சாப்பிட வேண்டியிருக்கும்.

தேதியைக் கிழமையாகவும் எண்ணாகவும் சொல்ல வேண்டும். தமிழில் ‘மறுநாள்’ என்றால் அடுத்த நாள். மலையாளத்தில் ‘மற்றன்னாள்’ என்றால் நாளை மறுநாள். காதுக்கு இரண்டும் ஒன்றுபோல் கேட்கும். முகூர்த்தத்துக்கு மறுநாள் கசேர வந்து இறங்கிய கதைகள் இப்படித்தான் பிறக்கின்றன. ‘12-ஆம் தேதி, வியாழன், காலை 6 மணி’ என்று சொன்னால் எந்த மொழியிலும் தப்பாது. ‘வாடகை’, ‘பந்தல்’ இரண்டும் இரு மொழிக்கும் பொது. அவற்றில் பயம் இல்லை.

ஆசாரியிடம் செய்யச் சொல்லும்போது

ஆசாரி என்ற சொல் இரு பக்கமும் ஒன்றே. கால், கை ஆகியவையும் ஒன்றே. முதுகுப் பக்கம்தான் மாறும்: நாம் சாய்மானம் என்பதை அவர்கள் ‘சாரு’ என்பார்கள். மலையாளத்தில் சாருதல் என்றால் சாய்தல். அதனால் சாய்வு நாற்காலி அங்கே ‘சாருகசேர’, முதுகு வைத்த பெஞ்ச் ‘சாருள்ள பெஞ்ச்’. பிரம்பு பின்னியது ‘சூரல் கசேர’. மரப் பெயரிலும் கவனம் வேண்டும். தேக்கும் ஈட்டியும் அப்படியே செல்லும். நம் பலா அங்கே ‘பிலாவு’. குமரிக்காரர்கள் அயினி என்பது அங்கே ‘ஆஞ்ஞிலி’.

சாருகசேர கேட்கும்போது ஒன்றைத் தெளிவாக்கிவிட வேண்டும்: துணி மாட்டி மடக்கும் சாய்வு நாற்காலியா, பிரம்பு பின்னி, கையை நீளமாக விட்ட பழைய பங்களா நாற்காலியா. இரண்டும் அந்தப் பெயருக்குள் அடங்கும். விலை மட்டும் ஒரே மாதிரி அடங்காது.

அளவைச் சொல்லால் விளக்காமல் அங்குலத்தில் சொன்னால் மொழியே குறுக்கே வராது. பெரியவர் உட்காரும் நாற்காலிக்குத் தரையிலிருந்து இருக்கைப் பலகை வரை 17 முதல் 18 அங்குலம். சாப்பாட்டு மேசை 29 முதல் 30 அங்குலம் இருந்தால் நடுவில் சுமார் 12 அங்குலம் கிடைக்கும். தொடைக்கும் மேசைச் சட்டத்துக்கும் அது போதும். கை வைப்பதானால் இருக்கையிலிருந்து 7 முதல் 9 அங்குல உயரத்தில். இருக்கையின் ஆழம் 18 அங்குலத்துக்கு மேல் போனால் குட்டையானவருக்கு முதுகு சாய்மானத்தில் படாது. மெத்தை போடுவதாக இருந்தால் அழுத்தியபின் நிற்கும் உயரத்தைக் கணக்கில் எடுக்க வேண்டும். பலகை உயரத்தைச் சொல்லிவிட்டு மேலே 3 அங்குல மெத்தையைப் போட்டால் கால் தரையில் படாமல் தொங்கும்.

முக்காலி இரு மொழியிலும் சாமான்தான். ஆடாமல் நிற்பதும் அதுதான். மூன்று புள்ளி எப்போதும் ஒரே தளத்தில் அமரும், தரை மேடுபள்ளமானாலும் சரி. நாலாவது கால் வந்தபிறகுதான் அட்டை மடித்து அடியில் செருகும் வேலை வருகிறது. ஆனால் ‘முக்காலிக்குப் போகணும்’ என்று பாலக்காட்டில் யாராவது சொன்னால் அது ஊர். அட்டப்பாடி வழியில், சைலன்ட் வேலி தேசியப் பூங்காவுக்கு நுழையும் இடம். தரையோடு ஒட்டிய பலகை இருக்கையை மலையாளத்தில் ‘கொரண்டி’ என்பார்கள், நம் மணைப்பலகையின் உறவு.

எழுத்தில் வரும்போது

சரியான எழுத்து நாற்காலி. நால் என்பதன் ல், காலி என்பதன் க வந்ததும் ற் ஆகிறது. கல் + கோயில், கற்கோயில் ஆவதுபோல. மலையாளம் ல் என்பதை மாற்றாமல் க்-ஐ இரட்டித்து நால்க்காலி என்கிறது. எல்லையில் இரண்டையும் தினமும் பார்க்கிற கண்ணுக்கு ‘நாற்க்காலி’ என்று எழுத வரும். ற் என்ற மெய்க்குப் பின் இன்னொரு மெய் வராது; ‘முயற்ச்சி’ எப்படித் தவறோ அப்படியே இதுவும். ‘நார்க்காலி’ என்று எழுதினால் நாரில் கால் செய்ததாகிவிடும்.

பேச்சில் பெரும்பாலும் ‘சேர்’தான். ‘நாலு சேர் போடு’ என்றால் எவருக்கும் புரியும். எழுத்தில் அது இடறும்: ‘50 சேர் தேவை’ என்ற வரியில் சேர் வினைபோலவும் நிற்கும். பழைய வீட்டுக் கணக்கு நோட்டைப் படிப்பவருக்கு இன்னொரு எச்சரிக்கை. ‘வெல்லம் 3 சேர்’ என்றால் எடை. சென்னை மாகாணக் கணக்கில் ஒரு சேர் 24 தோலா, ஏறக்குறைய 280 கிராம்.

பஞ்சாயத்துக்கு மனு எழுதுவதானால், கேரளத்தின் 1969 ஆட்சிமொழிச் சட்டம் தமிழ்ச் சிறுபான்மையினர் அரசோடு தமிழில் கடிதம் எழுத வழிவிடுகிறது. தமிழில் எழுதலாம், ஆனால் அதை யாரோ ஒருவர் மலையாளத்தில் சுருக்கிக் கோப்பில் வைப்பார் என்பதையும் எண்ணி எழுத வேண்டும். ‘பள்ளிக்கு 30 நாற்காலி வேண்டும்’ என்று நிறுத்தாமல், ‘மாணவர் உட்கார 30 நாற்காலி (கசேர), இருக்கை உயரம் 12 அங்குலம்’ என்று எழுதினால் கோப்பு வழி தவறாது. ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு அந்த உயரம் போதும். வெறும் ‘நாற்காலி உதவி’ என்ற தலைப்பு வேண்டவே வேண்டாம். மாடு வளர்ப்புத் திட்டங்கள் நிறைய இருக்கும் அலுவலகம் அது.

நாற்காலி பதவியாகும்போது

‘நாற்காலிச் சண்டை’, ‘நாற்காலியைப் பிடித்தார்’, ‘நாற்காலி ஆட்டம் கண்டது’ என்று தமிழ்த் தலைப்புகளில் வருவதெல்லாம் பதவி. மலையாளத்திலும் கசேரவுக்கு இந்தப் பொருள் உண்டு. ‘கசேரகளி’ என்றால் பாட்டு நின்றதும் இடம்பிடிக்கும் விளையாட்டு. அரசியலுக்கும் அதையே சொல்வார்கள். ஆகவே உவமை அப்படியே எல்லை தாண்டும், சொல் மட்டும் மாற வேண்டும். வேற்றுமை உருபு இங்கே பொருளைத் தீர்மானிக்கிறது: நாற்காலியில் உட்கார்ந்தார் என்றால் இரண்டு பொருளும் உண்டு, நாற்காலியைப் பிடித்தார் என்றால், பஸ்ஸில் நிற்பவராக இல்லாவிட்டால், பதவி மட்டும்தான்.

பல்கலைக்கழகத்தில் ஒரு துறைக்கென நிதி வைத்து உருவாக்கும் பேராசிரியர் பதவிக்கு நாற்காலி ஆகாது, அதற்கு இருக்கை. ஹார்வர்டு தமிழ் இருக்கை என்றுதான் எல்லோரும் சொன்னோம். மலையாளத்தில் அதற்குப் பெரும்பாலும் ‘செயர்’ என்றே போடுகிறார்கள். கூட்டத்துக்குத் தலைமை வகிப்பவரை ஆங்கிலத்தில் ‘சேர்’ என்கிறார்கள் என்பதற்காக, நம் இரு மொழியிலும் அவரைச் சாமானாக்க வேண்டாம். மருத்துவமனையிலும் ரயில் நிலையத்திலும் சக்கர நாற்காலி வேண்டுமானால் ‘வீல்சேர்’ என்று கேட்பதே வேகம்.

உட்காரச் சொல்லும்போதும் இதே கவனம் வேண்டும். மலையாளத்தில் ‘இரிக்கூ’, குமரித் தமிழில் ‘இரிங்க’: இரண்டும் உட்காருங்கள் என்று பொருள். கோவை, சென்னைக்காரருக்கு ‘இருங்க’ என்றால் கொஞ்சம் பொறுங்கள். நாற்காலியைக் காட்டி ‘இரிங்க’ என்று சொன்ன பிறகும் விருந்தாளி நின்றுகொண்டே இருந்தால் அவர் மரியாதைக்காக நிற்கவில்லை, காத்திருக்கிறார். நாற்காலியை ஒரு சாண் அவர் பக்கம் நகர்த்திவிட்டுச் சொல்வது நல்லது.

மலையாளத்திலிருந்து தமிழுக்கு வரும்போது ஒரு கண்ணி இருக்கிறது. ‘அயாள் நாலுகாலில் வந்நு’ என்றால் அந்த ஆள் குடித்துத் தள்ளாடி வந்தார் என்று அர்த்தம். நம் ‘நாலுகால் பாய்ச்சல்’ போல வேகமாக வந்தார் என்று மொழிபெயர்த்தால், நிதானம் இழந்தவரை ஓட்டப் பந்தயத்தில் நிறுத்தியதாகும். அந்த வரியில் தமிழுக்கு நாலும் வேண்டாம் காலும் வேண்டாம். ‘தள்ளாடிக்கொண்டு வந்தார்’ போதும்.