தொட்டித் தண்ணீரில் பிரஷர் வாஷர் ஓட்டுவது எப்படி?

தண்ணீரை அதிக அழுத்தத்தில் பீச்சிக் கழுவும் பிரஷர் வாஷர், குழாய் இணைப்பு இல்லாத இடத்திலும் ஓடும். ஆனால் குழாய்த் தண்ணீர் அழுத்தத்தோடு பம்புக்குள் வந்து விழும். தொட்டித் தண்ணீர் அப்படி வராது. இந்தப் பம்புகள் தள்ளுவதில் கெட்டி, உறிஞ்சுவதில் மந்தம். எனவே கீழே சொல்வதெல்லாம் பம்புக்குள் காற்று புகாமல் பார்த்துக்கொள்ளும் வேலைதான்.

1. மெஷின் லேபிளில் எத்தனை லிட்டர் தண்ணீர் இழுக்கும் என்று இருக்கும். மணிக்கணக்கில் போட்டிருந்தால் 60ஆல் வகுத்துக்கொள்ளுங்கள். சிறிய மின்சார மெஷின்கள் பெரும்பாலும் நிமிடத்துக்கு 5 முதல் 8 லிட்டர் இழுக்கும். 8 லிட்டர் என்றால் 200 லிட்டர் டிரம் 25 நிமிடத்தில் காலி.

2. தொட்டியைப் பம்பை விட உயரத்தில் வையுங்கள். 1 மீட்டர் உயரம் தருவது வெறும் 0.1 பார் அழுத்தம்தான். பரவாயில்லை, தண்ணீர் தானாக வடிந்து வந்தாலே போதும். தொட்டி தரைமட்டத்துக்குக் கீழே இருந்தால், தானே உறிஞ்சும் வசதி உள்ள மெஷின்தான் வேண்டும்.

3. ஹோஸ் முக்கால் அங்குலம், நீளம் குறைவு, சுவர் கெட்டி. மெல்லிய தோட்ட ஹோஸ் உறிஞ்சும்போது சப்பையாகிவிடும். இணைப்புகளில் டெஃப்லான் டேப் சுற்றி, கிளாம்ப் போட்டு இறுக்குங்கள். தண்ணீர் கசியாத இடத்தில்கூடக் காற்று உள்ளே நுழையும். பம்பின் வாயில் ஃபில்டர் கட்டாயம்; தொட்டியின் அடியில் வண்டல் இல்லாமல் இருக்காது. மூடியைக் கொஞ்சம் திறந்து வையுங்கள், இல்லையென்றால் தண்ணீர் இறங்கத் திணறும்.

4. மெஷினில் மாட்டும் முன் ஒரு சோதனை. ஹோஸ் முனையைப் பம்பு வாயின் உயரத்திலேயே பிடித்து, 10 லிட்டர் வாளியை நிரப்புங்கள். 8 லிட்டர் மெஷினுக்கு அந்த வாளி ஒரு நிமிடத்துக்குள் நிறைய வேண்டும். நிறையவில்லையா? ஹோஸை மாற்றுங்கள், அல்லது தொட்டியை உயர்த்துங்கள். பலரும் தாண்டிப் போகும் படி இதுதான். பிறகு மெஷினைக் குறை சொல்வார்கள்.

5. இப்போது ஹோஸை மாட்டி, துப்பாக்கி நுனியில் இருக்கும் நாசிலைக் கழற்றிவிட்டு, தொட்டி வால்வைத் திறங்கள். சுவிட்ச் போடாமலே துப்பாக்கியின் ட்ரிகரை அழுத்திப் பிடியுங்கள். முதலில் குமிழ் குமிழாக வரும். குமிழ் நின்று தண்ணீர் சீராக ஒழுகிய பிறகு நாசிலை மாட்டி, சுவிட்ச் போடுங்கள்.

6. ஓடும்போது காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். பீச்சல் விட்டு விட்டு வந்தாலோ, பம்பு கடகடத்தாலோ காற்று புகுந்திருக்கிறது, அல்லது தண்ணீர் போதவில்லை. உடனே நிறுத்தி, 5ஆம் படியிலிருந்து மறுபடி செய்யுங்கள். ட்ரிகரை விட்டுவிட்டு மோட்டாரை ஓடவிடாதீர்கள். உள்ளேயே சுற்றும் தண்ணீர் சூடாகி சீல்களைக் கெடுக்கும். பீச்சலை ஆள் மீது, விளையாட்டுக்குக்கூட, திருப்ப வேண்டாம். அது தோலைக் கிழித்து உள்ளே போகும்.

7. தொட்டியின் அடி தெரியும் முன்பே நிறுத்துங்கள். சுவிட்சை அணைத்து, வால்வை மூடி, ட்ரிகரை அழுத்தி மிச்ச அழுத்தத்தை வெளியேற்றிவிட்டுத்தான் ஹோஸைக் கழற்ற வேண்டும். ஃபில்டரையும் அப்போதே அலசிவிடுங்கள். காய்ந்த வண்டல் லேசில் போகாது.