விண்டோஸ் 98-ல் பழைய டாஸ் கேம் ஓட வைக்க: எல்லாம் அந்த 640 கேபியில்தான் இருக்கிறது

மெஷினில் 128 எம்பி ராம் இருக்கிறது. கேம் வந்தது 1992-ல், அன்றைக்கு 4 எம்பி இருந்தாலே பெரிய மெஷின். ஆனாலும் ‘மெமரி போதவில்லை’ என்று ஒரு வரி காட்டிவிட்டு நின்றுவிடுகிறது. பழைய பென்டியம் கணினியைத் தூசி தட்டி எடுத்து, விண்டோஸ் 98 போட்டு, விண்டோஸுக்கு முந்தைய டாஸ் இயங்குதளத்துக்கு எழுதிய கேமை ஆசையாக ஆட உட்காருகிறவர்கள் முதல் நாளே முட்டிக்கொள்கிற இடம் இது. காப்பி சரியில்லை, சிடி கீறல் விழுந்திருக்கு என்று நினைத்துப் பாதிப் பேர் அங்கேயே விட்டுவிடுகிறார்கள். கேமில் ஒரு கோளாறும் இருக்காது. மெமரி எங்கே போகிறது என்று பார்க்கத் தெரிந்துவிட்டால் பத்தில் எட்டு கேம் ஓடிவிடும், அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

புதுக் கணினியிலேயே டாஸ் கேமை ஓட்டித் தருகிற டாஸ்பாக்ஸ் இருக்கிறதே என்று கேட்பீர்கள். நல்ல மென்பொருள், புது லேப்டாப் மட்டும்தான் கையில் இருக்கிறது என்றால் அதையே போடுங்கள். இது நிஜ மெஷின் வைத்திருப்பவர்களுக்கு. இன்னொன்று, எக்ஸ்பி மெஷினில் இந்த வேலையெல்லாம் நடக்காது, அதன் அடியில் உண்மையான டாஸ் கிடையாது. விண்டோஸ் மி பதிப்பில் டாஸ் இருந்தும் அதற்குள் நேராகப் போகிற வழியை அடைத்துவிட்டார்கள். 95, 98, 98 இரண்டாம் பதிப்பு, இந்த மூன்றும்தான் நமக்கு.

முதலில் மெஷின். பல வருஷம் மூடிக்கிடந்தது என்றால் மதர்போர்டில் காசு மாதிரி இருக்கும் சிஆர்2032 பேட்டரியை மாற்றிவிடுங்கள், இல்லாவிட்டால் ஒவ்வொரு தடவையும் தேதியும் ஹார்ட் டிஸ்க் அமைப்பும் பறந்துபோகும். கெப்பாசிட்டர்கள் தலை உப்பியிருக்கிறதா என்று பாருங்கள், உப்பியிருந்தால் அவற்றை மாற்றும்வரை கரண்ட் கொடுக்காதீர்கள். ராம் 512 எம்பிக்கு மேல் போனால் விண்டோஸ் 98-க்கே தடுமாற்றம் வரும், ஒரு குச்சியைக் கழற்றி 256-ல் நிறுத்திக்கொள்ளுங்கள், டாஸ் கேமுக்கு அதுவே ஏராளம். கேமை மெஷினுக்குள் கொண்டுபோக பென் டிரைவ் உதவாது, 98-ல் அதற்கான டிரைவர் தனியாகப் போட வேண்டும். சிடியில் எழுதிக் கொண்டுபோவது சுலபம்.

இனி கேம். எடுத்தவுடனே டாஸுக்கு ஓடாதீர்கள், விண்டோஸுக்குள்ளேயே கேமின் ஃபைலை இரட்டைக் கிளிக் செய்து பாருங்கள். டூம் மாதிரி கேம்கள், 1993 டிசம்பரில் வந்தது, தனக்கு வேண்டிய 4 எம்பியை டாஸ் எக்ஸ்டெண்டர் என்கிற உதவிப் புரோகிராம் மூலம் தானே எடுத்துக்கொள்ளும், பெரும்பாலும் அப்படியே ஓடிவிடும். ஓடவில்லை, அல்லது ‘விண்டோஸுக்குள் ஓட மாட்டேன்’ என்று அடம்பிடிக்கிறது என்றால் ஃபைல் மேல் ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸ் போங்கள். புரோகிராம் என்ற பக்கத்தில் அட்வான்ஸ்டு பட்டன் இருக்கும், அதற்குள், டாஸ் புரோகிராமுக்கு விண்டோஸ் இருப்பதே தெரியாமல் மறைக்கிற டிக் ஒன்று உண்டு. மெமரி என்ற பக்கத்தில் இஎம்எஸ், எக்ஸ்எம்எஸ் என்ற இரண்டு வகைக் கூடுதல் மெமரியின் அளவுகள் ‘ஆட்டோ’ என்று இருக்கும், அவற்றை 8192 என்று மாற்றிப் பாருங்கள், அளவே இல்லாமல் மெமரி தெரிந்தால் குழம்பிப்போகிற கேம்களும் உண்டு.

இதற்கும் மசியவில்லையா, சரி, நேராக டாஸுக்குப் போவோம். கணினி ஆன் ஆகும்போது கண்ட்ரோல் பட்டனை அழுத்திப் பிடித்தால், அல்லது சரியான நேரத்தில் எஃப்8 தட்டினால், ஒரு மெனு வரும். அதில் கமாண்ட் பிராம்ப்ட் மட்டும் என்கிற வரியைத் தேர்ந்தெடுங்கள். கருப்புத் திரையில் சி என்று நிற்கும். அங்கே மெம் என்று தட்டி, ஓர் இடம் விட்டு, ஸ்லாஷ் போட்டு சி என்று தட்டுங்கள். (கமாண்டுகளை இங்கே உச்சரிப்பில் எழுதுகிறேன், தட்டும்போது ஆங்கில எழுத்தில்தான்.) ஒரு பட்டியல் ஓடும், கடைசியில் ஓட்டக்கூடிய மிகப் பெரிய புரோகிராமின் அளவு என்று ஒரு எண் இருக்கும். 128 எம்பி எல்லாம் கேமுக்குக் கணக்கே இல்லை, இந்த ஒரு எண்தான் கணக்கு.

ஏன் என்று புரிந்துகொண்டால் மீதி எல்லாம் தானாகப் புரியும். முதல் ஐபிஎம் பிசியில் இருந்த 8088 சிப்புக்கு 20 முகவரிக் கம்பிகள், அதனால் 1 எம்பிக்கு மேல் அதற்குக் கண் தெரியாது. அந்த 1 எம்பியில் மேலே இருக்கும் 384 கேபியைத் திரைக்கும், கணினி ஆன் ஆனதும் முதலில் ஓடுகிற பயாஸுக்கும் ஒதுக்கிவிட்டு, கீழே 640 கேபியை புரோகிராம்களுக்கு விட்டார்கள். அப்புறம் ராம் எவ்வளவு வளர்ந்தாலும் டாஸ் புரோகிராமின் அடிப்படை வீடு அந்த 640 கேபிதான். அதிலேயே டாஸும் உட்காரும், மவுஸ் டிரைவர் உட்காரும், சிடி டிரைவர் உட்காரும், மீதி இருக்கிற இடத்தில் கேம் குடியேற வேண்டும். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வந்த கேம்களில் சில 600 கேபிக்குப் பக்கமாகக் கேட்கும். உங்கள் எண் 560 என்று இருந்தால் அந்த 40 கேபிக்காகத்தான் கேம் நின்றுபோகிறது.

ஆக, வேலை என்னவென்றால், கீழே உட்கார்ந்திருப்பவர்களை மேலே ஏற்றுவது. சி டிரைவில், டாஸ் தொடங்கும்போது படிக்கிற கான்ஃபிக்.சிஸ் என்ற ஃபைலை எடிட் என்ற கமாண்டால் திறங்கள். முதல் வரியில் டிவைஸ் சமக்குறி போட்டு ஹைமெம்.சிஸ் இருக்கும் இடத்தைக் கொடுங்கள், அது விண்டோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும். 1 எம்பிக்கு மேலே இருக்கும் மெமரியை எக்ஸ்எம்எஸ் என்ற பெயரில் திறந்துவிடுவது அதுதான். இரண்டாவது வரியில் அதே மாதிரி இஎம்எம்386.எக்ஸ்இ. மூன்றாவது வரி, டாஸ் சமக்குறி ஹை கமா யுஎம்பி. இந்த மூன்றாவது வரியில் ஹை என்ற சொல் டாஸின் ஒரு பெரிய பகுதியை 1 எம்பிக்குச் சற்று மேலே இருக்கும் 64 கேபி இடத்துக்குக் கொண்டுபோகிறது, யுஎம்பி என்ற சொல் 640-க்கும் 1 எம்பிக்கும் இடையில் காலியாகக் கிடக்கும் சந்துகளைத் திறக்கிறது. இதன் பிறகு டிவைஸ் என்று தொடங்கும் மற்ற வரிகளை டிவைஸ்ஹை என்று மாற்றுங்கள். அடுத்ததாக ஓடுகிற ஆட்டோஎக்ஸெக்.பேட் ஃபைலில் மவுஸுக்கும் சிடிக்குமான வரிகளுக்கு முன்னால் எல்ஹெச் என்று ஒரு சொல் சேர்த்தால் அவையும் அந்தச் சந்துக்குள் ஏறிக்கொள்ளும்.

இஎம்எம்386 வரியின் கடைசியில் எதைப் போடுகிறீர்கள் என்பது முக்கியம். ராம் என்று போட்டால் சந்துகளும் கிடைக்கும், இஎம்எஸ் என்கிற இன்னொரு வகை மெமரியும் கிடைக்கும், ஆனால் இஎம்எஸ் தனக்கென்று சந்துக்குள்ளேயே 64 கேபி பிடித்துக்கொள்ளும். நோஇஎம்எஸ் என்று போட்டால் அந்த 64 கேபியும் உங்களுக்கு. விங் கமாண்டர், 1990-ல் வந்தது, இஎம்எஸ் இருந்தால்தான் விமானி அறையில் கையும் ஜாய்ஸ்டிக்கும் அசைகிறதைக் காட்டும், இல்லாவிட்டாலும் ஓடும், ஆனால் அந்தக் கை அசையாமல் பார்க்க மனசு வராது. அல்டிமா 7 இதற்கு நேர் எதிர். 1992-ல் வந்த அந்த கேம் மெமரியைத் தானே நேரடியாகக் கையாளும், இஎம்எம்386 ஏறியிருந்தால் தொடங்கவே தொடங்காது. ஒரே மெஷினில் ஒரு கேமுக்கு வேண்டியது இன்னொரு கேமுக்கு ஆகாது.

அதனால்தான் ஒரே கான்ஃபிக்.சிஸ்ஸை எல்லாக் கேமுக்கும் பொருந்துகிற மாதிரி எழுத முயற்சி செய்யாதீர்கள் என்று சொல்வேன், அதில் நானே பல இரவுகள் போக்கியிருக்கிறேன். டாஸ் 6-லிருந்து கான்ஃபிக்.சிஸ்ஸுக்குள்ளேயே மெனு வைக்கலாம், 98-லும் அது உண்டு. சதுர அடைப்புக்குள் மெனு என்று எழுதி, அதன் கீழே மெனுஐட்டம் வரிகள் மூன்று கொடுங்கள்: விண்டோஸுக்கு ஒன்று, இஎம்எஸ் உள்ள டாஸுக்கு ஒன்று, இஎம்எம்386 இல்லாமல் ஹைமெம் மட்டும் உள்ள டாஸுக்கு ஒன்று. ஒவ்வொரு பெயருக்கும் கீழே தனிச் சதுர அடைப்பு போட்டு அதனதன் வரிகளை எழுதுங்கள். ஆட்டோஎக்ஸெக்.பேட்டில் கோட்டூ என்று எழுதி, இரண்டு சதவீதக் குறிகளுக்கு நடுவே கான்ஃபிக் என்று கொடுத்தால் நீங்கள் தேர்ந்தெடுத்த பிரிவுக்கே அதுவும் குதிக்கும். விண்டோஸ் பிரிவின் கடைசி வரி வின். அப்புறம் எம்எஸ்டாஸ்.சிஸ் என்ற ஃபைலில் பூட்ஜியுஐ என்ற வரியில் இருக்கும் 1-ஐ 0 ஆக்கினால் கணினி தானாக விண்டோஸுக்குள் ஓடாது. அந்த ஃபைல் மறைந்திருக்கும், அட்ரிப் கமாண்டால் பூட்டை எடுத்துவிட்டுத் திறக்க வேண்டும். அதன் அடியில் வரிசையாக எக்ஸ் எக்ஸ் என்று அர்த்தமில்லாத வரிகள் இருக்கும், அவற்றை அழிக்காதீர்கள், ஃபைல் 1024 பைட்டுக்கு மேல் இருக்க வேண்டும் என்பதற்காகவே அவை இருக்கின்றன. மாற்றுவதற்கு முன் மூன்று ஃபைலையும் ஒரு ஃபிளாப்பியில் காப்பி எடுத்துக்கொள்ளுங்கள்.

மவுஸுக்குப் பழைய டிரைவர்களுக்குப் பதில் க்யூட்மவுஸ் போடுங்கள், 3, 4 கேபிதான் பிடிக்கும். சிடியே வேண்டாத கேம் என்றால் சிடி டிரைவர் வரிகளை அந்தப் பிரிவில் எழுதவே வேண்டாம், பெரிய இடம் மிச்சமாகும்.

இனி சத்தம். இதில்தான் மனசு உடைந்துபோகும், ஏனென்றால் விண்டோஸுக்குள் அழகாகப் பாடிக்கொண்டிருந்த சவுண்ட் கார்டு டாஸில் ஊமையாகிவிடும். டாஸ் கேம்கள் கார்டோடு நேரடியாகப் பேசும், நடுவில் டிரைவர் கிடையாது. மதர்போர்டில் பழைய வகை ஐஎஸ்ஏ ஸ்லாட்டில் போடுகிற சவுண்ட் பிளாஸ்டர் வகைக் கார்டு என்றால் ஆட்டோஎக்ஸெக்.பேட்டில் செட் பிளாஸ்டர் என்ற வரி பெரும்பாலும் போதும். சமக்குறிக்குப் பிறகு ஏ220 ஐ5 டி1 ஹெச்5 பி330 டி6 என்று வரும், இரண்டு டி-யும் ஒன்றல்ல, முதலாவது டிஎம்ஏ (கார்டு மெமரியோடு நேராகப் பேசும் வழி), கடைசியில் வருவது கார்டின் வகை. ஏ என்பது கார்டின் முகவரி, ஐ என்பது ஐஆர்க்யு எண் (கார்டு சிப்பைக் கூப்பிடுகிற வழியின் எண்), கார்டு இந்த எண்களில்தான் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். கேமின் செட்டப் புரோகிராமிலும் இதே எண்களைக் கொடுக்க வேண்டும். குரலோ வெடிச் சத்தமோ முதல் அரை நொடி மட்டும் வந்து அதுவே திரும்பத் திரும்ப ஒலிக்கிறது, அல்லது கேம் அப்படியே உறைகிறது என்றால் முதலில் ஐஆர்க்யு எண்ணைச் சந்தேகப்படுங்கள். சில பழைய கேம்களுக்கு 7 மட்டும்தான் தெரியும், பிரிண்டர் போர்ட்டும் வழக்கமாக அதே 7-ல் இருக்கும், பயாஸில் பிரிண்டர் போர்ட்டை அணைத்துவிட்டு கார்டை 7-க்கு மாற்றிப் பாருங்கள்.

ஐஎஸ்ஏவுக்குப் பின் வந்த பிசிஐ ஸ்லாட்டில் போடுகிற சவுண்ட் கார்டு என்றால் அதோடு வந்த டாஸ் டிரைவரை ஏற்ற வேண்டும், பலவற்றுக்கு இஎம்எம்386-ம் வேண்டும், அப்போது அல்டிமா 7-க்குச் சத்தம் இல்லை. என் கருத்தைக் கேட்டால், மதர்போர்டில் ஐஎஸ்ஏ ஸ்லாட் இருக்கிறதென்றால் யோசிக்காமல் ஓர் ஐஎஸ்ஏ கார்டு தேடி வாங்குங்கள். பென்டியம் 2 காலத்து 440பிஎக்ஸ் போர்டுகளில் பெரும்பாலும் அந்த ஸ்லாட் இருக்கும். கார்டில் யமஹா ஓபிஎல்3 சிப் இருக்கிறதா என்று பாருங்கள், அந்தக் காலத்துப் பாட்டு எப்படி ஒலிக்க வேண்டுமோ அப்படி ஒலிப்பது அதில்தான். இன்னொரு சின்ன விஷயம்: சிடியில் இசை உள்ள கேம்களில் எல்லாச் சத்தமும் வந்து பாட்டு மட்டும் வராவிட்டால் செட்டிங்கைக் குடையாதீர்கள். சிடி டிரைவின் பின்பக்கத்திலிருந்து சவுண்ட் கார்டுக்குப் போகும் நாலு முள் ஒயர் மாட்டியிருக்கிறதா என்று கேஸைத் திறந்து பாருங்கள்.

வேகம் அடுத்த தொல்லை. விங் கமாண்டர் மாதிரி கேம்கள் அன்றைய சிப்பின் வேகத்தை நம்பியே ஓடின, பென்டியம் 3-ல் போட்டால் எதிரி வந்ததும் தெரியாது நாம் செத்ததும் தெரியாது. பயாஸுக்குள் போய் சிப்பை வேகமாக ஓட வைக்கிற சின்ன மெமரிகளான இன்டர்னல் கேஷ், எக்ஸ்டர்னல் கேஷ் இரண்டையும் அணைத்துவிடுங்கள், மெஷின் 386 கணக்கில் இறங்கிவிடும். ஆடி முடித்ததும் மறக்காமல் திருப்பிப் போடுங்கள், இல்லாவிட்டால் விண்டோஸ் திறக்கவே யுகம் ஆகும்.

‘ரன்டைம் எரர் 200’ என்று வந்தால் அதுவும் வேகத்தால்தான். டர்போ பாஸ்கலில் எழுதிய புரோகிராம்கள் தொடங்கும்போது 55 மில்லிநொடியில் ஒரு சுழற்சியை எத்தனை தடவை சுற்ற முடிகிறது என்று எண்ணி, அதை 55-ஆல் வகுத்து வைத்துக்கொள்ளும். 200 மெகாஹெர்ட்ஸ் தாண்டிய சிப்பில் விடை 65,535-ஐ மீறிவிடும், 16 பிட்டில் அடங்காமல் புரோகிராம் விழுந்துவிடும். இதற்கு டிபிபேட்ச் என்ற சின்னப் புரோகிராம் இருக்கிறது, கேமின் ஃபைலை ஒரு காப்பி எடுத்துவிட்டு அதன்மேல் ஒருமுறை ஓட்டினால் போதும்.

கடைசியாக, 10 ஜிபி காலியாக இருக்கும்போது இன்ஸ்டால் புரோகிராம் ‘டிஸ்கில் இடம் இல்லை’ என்று சொன்னால் பதறாதீர்கள். அதை எழுதிய காலத்தில் 2 ஜிபி டிஸ்க் யார் வீட்டிலும் இல்லை, அவ்வளவு பெரிய எண்ணைப் பார்த்ததும் அதன் கணக்கு கழித்தலில் போய்விடும். டிஸ்கில் 1 ஜிபிக்கு ஒரு தனிப் பகுதி பிரித்து, டாஸ் கேம்கள் எல்லாவற்றையும் அதில் வையுங்கள். ஏற்கனவே விண்டோஸ் போட்ட டிஸ்க்கில் எஃப்டிஸ்க்கால் பிரித்தால் உள்ளே இருப்பது அழிந்துவிடும், அதனால் விண்டோஸ் போடுவதற்கு முன்னாலேயே இதைச் செய்துவிடுங்கள்.

ஒரு கேம் ஓடியதும் அது எந்த மெனுப் பிரிவில், எந்த ஐஆர்க்யுவில், கேஷ் அணைத்தா போட்டா ஓடியது என்று ஒரு நோட்டில் எழுதி மானிட்டர் பக்கத்திலேயே வைத்துவிடுங்கள். ஆறு மாதம் கழித்து வீட்டுப் பிள்ளைகள் யாராவது அதைப் போட்டுக் காட்டச் சொன்னால் நோட்டைப் பார்த்தே இரண்டு நிமிஷத்தில் ஏற்றிக் கொடுத்துவிடலாம்.